நான்காம் பாகத்திலிருந்து

அஸ்தினாபுரத்தில் ஒரு மருந்துக்கடையின் மாடியில் ‘ஆஃபியா நெட்’ என்று பலகை மாட்டிய பிரவுசிங் சென்டர் இருந்தது. அந்த வட்டாரத்தில் பிரவுசிங் சென்டருக்குப் பஞ்சமில்லை. ஆனால் குடும்பப் பெண்கள் துணைக்கு ஆள் இல்லாமல் படியேறியது அங்கே மட்டும்தான். கல்லாவில் ஷபீனா உட்கார்ந்திருப்பாள் என்ற தைரியம்.

ஷபீனா கம்ப்யூட்டர் படித்தவள். கணவன் ஜாபர் சவுதியில், தமாமில் ஏசி மெக்கானிக். மகள் ஆஃபியா பள்ளிக்கூடம் போகத் தொடங்கியதும், வீட்டில் சும்மா இருக்க முடியாமல் மகள் பெயரிலேயே சென்டரைத் திறந்தாள். பலகை அடித்து ஐந்து கேபின், ஒவ்வொன்றுக்கும் ஒரு திரைச்சீலை, மானிட்டர் தலையில் ஒரு கேமரா. கேமரா ஜாபரின் யோசனை. “நம்மள மாதிரி பிரிஞ்சு கிடக்கிறவங்க எத்தனை பேரு? போன்ல குரலை மட்டும் கேட்டா போதுமா?” என்று அவன் சொன்னது சரியாகத்தான் போயிற்று.

அடுத்த தெரு நஃபீசா வருவாள். கல்யாண மருதாணி மங்குவதற்குள் அவள் புருஷன் துபாய்க்குப் போய்விட்டான். மூன்றாம் கேபினுக்குள் போய், திரையை இழுத்துவிட்டு, அதன் ஓரத்தில் இரண்டு சேஃப்டி பின்னையும் குத்திக்கொண்ட பிறகுதான் முகத்திரையைத் தூக்குவாள். கானத்தூர்ப் பக்கத்துக் குப்பத்திலிருந்து மீன் கொண்டுவந்து விற்கும் கன்னியம்மா, கூடை காலியானதும் கையைக் கழுவிக்கொண்டு வந்து அந்தக் கேபினிலேயே உட்காருவாள். அவள் மகன் பஹ்ரைனில் படகு வேலை. அவளுக்குத் திரை எல்லாம் தேவையில்லை. “டேய், துன்னியாடா?” என்று அவள் கேட்பது கீழே மருந்துக்கடை வரைக்கும் கேட்கும். வெள்ளிக்கிழமை மதியம் சென்டர் காலியாக இருக்கும் நேரத்தில் ஷபீனாவே அதே மூன்றாம் கேபினில் உட்கார்ந்து ஜாபரோடு பேசுவாள்.

பாகம் பாகமாக வரும் ஃபைல்கள் அவளுக்குப் பழக்கமானது செம்பாக்கத்தில் குடியிருந்த வேதசிரோமணியால். மறைமலை நகரில் கார் உதிரிபாகம் செய்யும் ஒரு பட்டறையில் டிராயிங் பார்ப்பவர். வெளியூரிலிருந்து வரும் வரைபடங்கள் ஒரே மெயிலில் அடங்காது. சுருக்கி, துண்டு போட்டு, ஒவ்வொரு துண்டுக்கும் எண் கொடுத்து அனுப்புவார்கள். ஆரம்பத்தில் இரண்டாம் துண்டைத் திறந்து பார்த்து, ஒன்றும் புரியாமல், எல்லாவற்றையும் அழித்துவிட்டுத் திட்டிக்கொண்டே போனவர் அவர். அவருக்காகவே ஷபீனா உட்கார்ந்து கற்றுக்கொண்டாள். எல்லாப் பாகங்களையும் ஒரே ஃபோல்டரில் வைக்க வேண்டும். பெயரில் ஓர் எழுத்தைக் கூட மாற்றக் கூடாது. கடைசிப் பாகத்தைத் தவிர மற்றவை ஒரே அளவில் இருக்க வேண்டும். ஒன்று மட்டும் குறைந்தால் அது பாதியில் அறுந்து வந்திருக்கிறது என்று அர்த்தம். வைரஸ் சோதனை போட வேண்டும். பிறகு முதல் பாகத்தைத் தொட்டு, உள்ளே என்னென்ன இருக்கிறது என்ற பட்டியலை மட்டும் முதலில் பார்க்க வேண்டும். படம் என்று பெயர் வைத்துக்கொண்டு வாலில் புரோகிராமைக் குறிக்கும் exe ஒட்டிக்கொண்டிருந்தால் அங்கேயே நிறுத்திவிட வேண்டும். ஒருமுறை முதல் பாகம் வந்துசேரவே இல்லை. நடுப் பாகத்திலேயே தொடங்கும் ஃபைல் ஏதாவது இருந்தால் அது மட்டும் திறக்கும் என்பதையும் அன்றைக்குத்தான் தெரிந்துகொண்டாள்.

அது மழை கொட்டித் தீர்த்த இரண்டாயிரத்து ஐந்தாம் ஆண்டு. ஏரிகள் நிரம்பித் தெருவுக்கு வந்திருந்தன. சென்டருக்கு ஆள் வரத்துக் குறைந்த அந்த நாட்களில்தான் ஷபீனா மோடத்தைக் கவனித்தாள். ஐந்து கேபினும் காலி. ஆனால் மோடத்தின் சின்னப் பச்சை விளக்கு ஓயாமல் துடித்துக்கொண்டிருந்தது. யாரும் இல்லாத வீட்டில் அடுப்பு எரிவதைப் பார்த்தது போல இருந்தது அவளுக்கு.

சென்டரின் கம்ப்யூட்டர்களைப் பார்த்துக்கொள்வது ஜாபரின் தம்பி ஷாகுல். தாம்பரத்தில் ஒரு சர்வீஸ் கடையில் வேலை. போன் போட்டுச் சொன்னாள்.

“மழை அண்ணி. லைன்ல தண்ணி இறங்கியிருக்கும். அது பாட்டுக்கு எரியும், விடுங்க” என்றான்.

மறுநாள் மூன்றாம் கேபினில் டிஸ்கில் இடம் இல்லை என்று எச்சரிக்கை வந்தது. மறைந்திருக்கும் ஃபோல்டர்களையும் காட்டச் சொல்லித் தேடினாள். யாரோ ஆழமாகப் புதைத்து வைத்தது போல, ஃபோல்டருக்குள் ஃபோல்டராகப் போய், கடைசியில் ஐந்து ஃபைல்கள் கிடைத்தன. பெயர் வெறும் எண்களும் எழுத்துகளுமாக இருந்தது. முடிவில் பாகம் மூன்று முதல் ஏழு வரை. வாடிக்கையாளர் எவரோ சினிமா இறக்கி வைத்திருக்கிறார் என்று நினைத்தாள். அடுத்தவர் ஃபைலைத் திறப்பதில்லை என்பது அவள் வைத்திருந்த கட்டுப்பாடு. மூடிவிட்டாள்.

ஆனால் மனது கேட்கவில்லை. மறுநாள் காலை கேபினைக் கூட்டும்போது மறுபடி திறந்து பார்த்தாள். மூன்றாம் பாகத்தைக் காணோம். நான்கு முதல் ஏழு வரைதான் இருந்தன. இடையில் அந்தக் கேபினில் யாரும் உட்காரவில்லை. கல்லா மேசையில் மோடத்தின் விளக்கு துடித்துக்கொண்டிருந்தது.

அவளுக்குப் புரிந்தது. இவை யாரோ இறக்கி வைத்த ஃபைல்கள் இல்லை. இங்கிருந்து வெளியே போய்க்கொண்டிருப்பவை. ஒன்று, இரண்டு, மூன்று என்று வரிசையாகப் போகிறது. போனது போனதும் அழிகிறது.

மூன்றாம் கேபினின் நெட் கேபிளைப் பிடுங்கினாள். ஷட்டரைப் பாதி இறக்கினாள். மிச்சமிருந்த நான்கு பாகங்களையும் ஒரு சிடியில் பதிந்துகொண்டு, மூலையில் துணி போட்டு மூடியிருந்த பழைய கம்ப்யூட்டரைத் திறந்தாள். எந்த ஒயரும் அதற்குப் போகவில்லை. உள்ளே இருப்பது கடித்தாலும் அந்த ஒன்றைத்தான் கடிக்கும். சோதனை போட்டாள்; ஒன்றும் சிக்கவில்லை. பெயர்களைச் சரிபார்த்தாள். அளவைச் சரிபார்த்தாள். நான்காம் பாகத்தைத் தொட்டுப் பட்டியலை மட்டும் திறந்தாள்.

எல்லாம் படங்கள். வாலில் வேறெதுவும் ஒட்டியிருக்கவில்லை. ஒவ்வொரு பெயரிலும் தேதியும் நேரமும் இருந்தன. வெளியில் ஆட்டோ ஒன்று தண்ணீரைக் கிழித்துக்கொண்டு போகும் சத்தம் கேட்டது. ஷபீனா அந்தத் தேதிகளைப் பார்த்துக்கொண்டே இருந்தாள். எல்லாமே சென்டர் திறந்திருந்த நாட்கள். எல்லாமே சென்டர் திறந்திருந்த நேரம்.

முதல் படம் வரவில்லை. அதன் பாதி மூன்றாம் பாகத்தோடு போய்விட்டது. இரண்டாவது திறந்தது.

நஃபீசா. முகத்திரையை நெற்றிக்கு மேல் தூக்கிவிட்டு, கேமராவைப் பார்த்து நாக்கைத் துருத்திக்கொண்டிருந்தாள். புருஷனைப் பழித்துக்காட்டியிருக்க வேண்டும். அடுத்ததில் கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். அதற்கடுத்து கன்னியம்மா, உள்ளங்கையைத் திரைக்கு நேராக நீட்டியபடி. மீன் வெட்டும்போது கத்தி பட்ட காயத்தை மகனுக்குக் காட்டியது ஷபீனாவுக்கு நினைவிருந்தது. அன்றைக்கு மஞ்சள் பொடி எடுத்துக் கொடுத்தவளே அவள்தான். ஆறாம் பாகத்தில் ஒரு பெண் தலையில் துணியில்லாமல், கலைந்த முடியோடு, பாதி சிரித்துக்கொண்டிருந்தாள். ஷபீனாவுக்கு ஒரு கணம் ஆளை அடையாளம் தெரியவில்லை. அப்புறம் தெரிந்தது. ஜாபரைத் தவிர வேறு எந்த ஆணும் அவளை அந்தக் கோலத்தில் பார்த்ததில்லை.

அவள் எழுந்து போய் முகத்தைக் கழுவிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள். ஐந்து கம்ப்யூட்டரையும் தொடுகிறவன் ஒருவன்தான். ஆஃபியாவைத் தோளில் தூக்கிக்கொண்டு திரிபவன். மாமியாருக்கு அவன் என்றால் உயிர். இதை யாரிடம், எப்படி வாயைத் திறந்து சொல்வது?

அவள் வரச்சொல்லி ஷாகுல் மதியம் வந்தான். படியில் அவன் செருப்புச் சத்தம் கேட்டதும் ஷபீனா நாற்காலியை வாசலுக்கு நேராகத் திருப்பிப் போட்டுக்கொண்டாள். அவன் குடையை மடக்கிக்கொண்டே, “என்ன அண்ணி, ஷட்டரை இறக்கி வச்சிருக்கீங்க? உடம்பு சரியில்லையா?” என்றான்.

“உட்காரு ஷாகுல். ஒண்ணு கேப்பேன். ஆஃபியா மேல சத்தியமா பதில் சொல்லணும்.”

அவன் சிரிக்கப் பார்த்தான். அவள் முகத்தைப் பார்த்து நிறுத்திக்கொண்டான். அவள் படத்தைக் காட்டவில்லை. நஃபீசாவின் முகத்தை இவனுக்குக் காட்ட அவளுக்கு உரிமை இல்லை. தன் படத்தையும் காட்ட முடியவில்லை. பட்டியலை மட்டும் காட்டி, உள்ளே இருப்பது என்ன என்று வாயால் சொன்னாள்.

அவன் முகம் வெளுத்துப்போனதை அவள் கண்ணால் பார்த்தாள். அப்படி யாராலும் நடிக்க முடியாது என்று அவளுக்குத் தோன்றியது.

“நான் இல்ல அண்ணி. அல்லா மேல ஆணை, நான் இல்ல.”

“அப்ப இது எப்படி வந்துச்சு?”

“அந்த பில்லிங் சாஃப்ட்வேர்” என்றான். ஒவ்வொரு கேபினிலும் எவ்வளவு நேரம் உட்கார்ந்தார்கள் என்று கணக்குப் பார்க்கும் சாஃப்ட்வேர் அது. ரம்ஜானுக்கு முன்னால் அவன்தான் கொண்டுவந்து போட்டான். இலவசமாக எங்கிருந்தோ பாகம் பாகமாக இறக்கியிருக்கிறான். நடுவில் ஒரு பாகம் எங்கே தேடியும் கிடைக்கவில்லை. மெசஞ்சரில் பழக்கமான ஒருவர் உதவிக்கு வந்தார். “அவரே எல்லாத்தையும் சேர்த்து ஒரே ஃபைலா அனுப்பிட்டாரு. கிளிக் பண்ணா போதும்னாரு. ஆன்டிவைரஸ் கத்துச்சு. கிராக் பண்ண திருட்டுக் காப்பின்னா அப்படித்தான் கத்தும், அணைச்சிட்டுப் போடுன்னாரு.”

“நீயும் அணைச்சே.”

“அணைச்சேன்.”

“யாரு அந்த ஆளு?”

“தெரியாது அண்ணி. பேரு கூட தெரியாது. ரொம்ப நல்லாப் பேசுவாரு. சென்டர்ல எத்தனை சிஸ்டம், கேமரா இருக்கான்னு எல்லாம் கேட்டாரு. லேடீஸ் நிறைய வருவாங்கன்னு நான்தான் சொன்னேன்.”

ஷபீனா அவனைத் திட்டவில்லை. அவன் அந்த ஆளின் முகவரியைக் குறித்துக் கொடுப்பதற்காகக் கல்லா மேசைக் கம்ப்யூட்டரில் மெசஞ்சரைத் திறந்தான். திறந்த மாத்திரத்தில் ஒரு மணிச் சத்தம் கேட்டது. சின்னப் பெட்டி ஒன்று மேலே வந்து நின்றது. ஆங்கில எழுத்தில் தமிழ்.

“மச்சி, உன் மூணாவது சிஸ்டம் காலைலேர்ந்து ஆஃப்ல கீதே. இன்னா மேட்டரு?”

இருவரும் அந்த வரியைப் பார்த்துக்கொண்டே நின்றார்கள். இவ்வளவு நேரமும் ஷபீனா யாரோ வெள்ளைக்காரனை, கடலுக்கு அப்பால் இருக்கும் முகம் தெரியாத ஒருவனைத்தான் மனதில் வைத்திருந்தாள். இவன் இந்தப் பக்கத்து ஆள். கன்னியம்மா பேசுகிற தமிழில் பேசுகிறான்.

இன்னொரு வரி வந்தது. “உங்க ஏரியால தண்ணி வந்துட்சா? இங்க கரண்டு போய்ப் போய் வர்து.”

ஷாகுலின் கை விசைப்பலகைக்குப் போயிற்று. “வேணாம்” என்றாள் ஷபீனா. “ஒரு எழுத்து அடிக்காதே.” அவள் குனிந்து மோடத்தின் ஒயரைச் சுவரிலிருந்து பிடுங்கினாள். பச்சை விளக்கு அணைந்தது. திரையில் அந்த இரண்டு வரிகளும் அப்படியே நின்றன.

அன்று மாலை எஸ்டிடி பூத்திலிருந்து ஜாபரிடம் பேசினாள். எல்லாவற்றையும் சொன்னாள், தன் படத்தைப் பற்றியும். அவன், “மூடிடு” என்றான். “எல்லாத்தையும் அழிச்சுட்டு மூடிடு. யார்கிட்டயும் சொல்லாதே. தெரிஞ்சா அவங்க வீட்ல என்ன நடக்கும்னு உனக்குத் தெரியாதா?”

“தெரியும் மச்சான். ஆனா அவங்க முகம் அது. என்னுது இல்லியே, நான் அழிச்சுட்டு மறைக்கிறதுக்கு.”

“நீ சொல்லிட்டு நிம்மதியாயிடுவே. அவங்க?”

இருந்தாலும் அவர்களிடம் சொல்வது என்று முடிவு செய்தாள். மிச்சமிருந்த படங்களில் யார் யார் இருந்தார்களோ அவர்கள் வீட்டுக்கெல்லாம் ஒவ்வொருத்தியாகத் தேடிப்போனாள். ஆண்கள் இல்லாத நேரம் பார்த்துப் போனாள். ஒருத்தி கதவைச் சாத்தினாள். ஒருத்தி, “எங்க வீட்டுக்காரருக்குத் தெரியக் கூடாது. நீங்க வந்ததாவே வச்சுக்கவேணாம்” என்று வாசலிலேயே அனுப்பினாள். போன மூன்று பாகங்களில் யார் இருந்தார்கள் என்று ஷபீனாவுக்கே தெரியாது. அவர்களிடம் போய்ச் சொல்ல வழியில்லை. ரேஷன் கடையில் பழைய வாடிக்கைக்காரப் பெண் யாராவது சிரித்தால், இவளாக இருக்குமோ என்று பார்வையைத் தாழ்த்திக்கொண்டாள்.

கன்னியம்மாவைச் சந்தையில் பிடித்தாள். கன்னியம்மா செதிலைச் சீவிக்கொண்டே முழுவதையும் கேட்டாள்.

“என் மூஞ்சிய எட்துகினு போய் அந்த பேமானி இன்னாம்மா பண்ணப்போறான்?”

“தெரியலக்கா. போலீசுக்குப் போகணும். போனா படத்தைக் காட்டச் சொல்லுவாங்க. அதான் உங்களைக் கேக்கறேன்.”

“என்னுத காட்டு. எனக்கின்னா.” கத்தியைக் கீழே வைத்தாள். “ஆனா அந்தப் பொண்ணுங்குளுத காட்டாத. அதுங்க வூட்ல கொன்னுடுவானுங்க.”

நஃபீசா வீட்டில் மாமியார் தூங்கிக்கொண்டிருந்தார். சமையலறையில் நின்றபடியே கேட்டுக்கொண்டாள். அழவில்லை. “எதுல இருக்கேன்? எப்படி இருக்கேன்?” என்று மட்டும் கேட்டாள். ஷபீனா ஒன்றையும் கூட்டாமல் குறைக்காமல் சொன்னாள். நஃபீசா அடுப்பை அணைத்துவிட்டு, “போலீசுக்கு என்னோடது வேணாங்க்கா” என்றாள்.

ஷபீனா தன் படத்தையும் கன்னியம்மாவின் படத்தையும் மட்டும் தனியே எடுத்து ஒரு சிடியில் பதிந்தாள். அந்த பில்லிங் ஃபைலையும் மெசஞ்சர் முகவரியையும் ஷாகுல் எடுத்துக்கொண்டான். இரண்டு பேரும் போய்ப் புகார் கொடுத்தார்கள். விசாரித்த அதிகாரி பொறுமையானவர். அவள் படத்தை ஒருமுறைதான் பார்த்தார். உடனே உறைக்குள் போட்டு ஒட்டினார். சில வாரம் கழித்துக் கூப்பிட்டுச் சொன்னார்.

“அந்த ஆள் சொந்த கனெக்‌ஷன்ல வரலம்மா. ஒவ்வொரு தடவையும் வேற வேற பிரவுசிங் சென்டர். பல்லாவரம், பழவந்தாங்கல், ஒரு தடவை கிழக்குத் தாம்பரம். எல்லாம் இந்த ரயில் லைன் ஓரமாத்தான். பேரு, அட்ரஸ் எழுதி வாங்குற வழக்கம் எங்கயும் இல்லை.”

“போன பாகம் எல்லாம், சார்?”

“அது எங்கயோ வெளிநாட்டு சர்வர்ல. அங்கேர்ந்து எங்கேன்னு தெரியல.”

அதற்கு மேல் அந்த விசாரணை நகரவில்லை. அந்த முகவரி பிறகு ஒருநாளும் மெசஞ்சரில் தலைகாட்டவும் இல்லை.

ஷபீனா சென்டரை மூடவில்லை. பலகைத் தடுப்புகளைப் பிடுங்கி எறிந்தாள், கேமராக்களைக் கழற்றினாள், டிடிபியும் ஜெராக்ஸும் போட்டாள். வேதசிரோமணி வழக்கம்போல வரைபடத் துண்டுகளோடு வந்தார். ஷாகுல் மட்டும் படியேறுவதை விட்டுவிட்டான். என்ன நடந்தது என்று மாமியார் கேட்டபோது அவனே சொல்லிவிட்டான். அவர் ஷபீனாவிடம் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசவில்லை. பேசாமல் இருந்ததே அவளுக்குப் பெரிய பாரமாக இருந்தது. ஜாபர் விடுமுறைக்கு வந்தபோது, படத்தைப் பற்றி ஒரே ஒருமுறை கேட்டான், “நீ சிரிச்சுக்கிட்டா இருந்தே?” என்று. ஆமாம் என்றாள்.

முன்பெல்லாம் வாடிக்கையாளர் பேசும்போது அவர் முகத்தைப் பார்த்துத் தலையாட்டுவாள். இப்போது பேச்சைக் கேட்டாள். ‘கீது’ என்று எவனாவது சொன்னால், அவன் படியிறங்கிப் போகும் வரை விசைப்பலகையில் அவள் விரல்கள் ஓடாது. அந்தத் தமிழை ஊரில் பாதிப் பேர் பேசினார்கள்.

இரண்டு வருஷம் கழித்துக் குரோம்பேட்டை பஸ் ஸ்டாப்பில் நஃபீசாவைப் பார்த்தாள். முகத்திரை போட்டிருந்தாலும் நின்ற விதத்திலேயே தெரிந்தது. இடுப்பில் ஒரு குழந்தை இருந்தது. புருஷன் வந்துவிட்டுப் போயிருக்கிறான். அவனுக்கு ஒன்றும் தெரியாது. நலம் விசாரித்தார்கள். பக்கத்தில் காலேஜ் பையன்கள் கூட்டமாக நின்று ஒரு செல்போனை எட்டி எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். நஃபீசா அவர்களையே கொஞ்ச நேரம் பார்த்தாள்.

“அக்கா, எவனாவது அதைப் பாத்தா எனக்கு எப்படித் தெரியும்?”

ஷபீனாவால் சமாதானமாக ஏதாவது சொல்லியிருக்க முடியும்.

“தெரியாதும்மா” என்றாள்.

நஃபீசா தலையை ஆட்டினாள். தாம்பரம் பஸ் வந்தது. குழந்தையை மாற்றி இடுக்கிக்கொண்டு, பெண்கள் பக்கமாக ஏறி, ஜன்னலுக்கு எதிர்ப்புறமாக முகத்தைத் திருப்பி உட்கார்ந்தாள்.